அறுநூற்றைம்பது ரூபாயில் ஒரு நாள்

தில்லியில் இரண்டு தமிழ்க் குடும்பங்கள் சந்தித்துக்கொண்டால் முதல் கேள்வி, "சௌக்கியமா?" இரண்டாவது கேள்வி, "ஊருக்கு எப்போது போகிறீர்கள்?" ஊர் என்றால் அது தஞ்சாவூர், திருநெல்வேலி, சேலம் என்று ஏதாவது ஒன்று. வருஷக் கணக்காகக் குடியிருக்கும் தில்லியை நாம் யாரும் ஊர் என்று சொல்வதில்லை. குவார்ட்டர்ஸ், ஆபீஸ், பிள்ளைகளின் பள்ளிக்கூடம், விசேஷ நாட்களில் மலை மந்திர், முருங்கைக்காய்க்கும் கறிவேப்பிலைக்கும் ஐ.என்.ஏ. மார்க்கெட். நம் தில்லி இவ்வளவுதான்.

நானும் அப்படித்தான் இருந்தேன். 2004இல் கல்யாணமாகி ஆர்.கே. புரத்துக்கு வந்தவள். பத்தொன்பது வருஷத்தில் நகரத்தைத் தாண்டி நான் பார்த்தது ஆக்ரா ஒன்றுதான். அதுவும் ஒரு சுற்றுலா பஸ்காரர் அழைத்துப் போனது. தாஜ்மகாலில் முக்கால் மணி நேரம், பளிங்குச் சாமான் கடைகளில் இரண்டு மணி நேரம்! திரும்பி வரும்போது கையில் ஒரு சின்னத் தாஜ்மகால் பொம்மையும், பர்ஸில் பெரிய ஓட்டையும்தான் மிச்சம். அதற்குப் பிறகு டூர் என்று யாராவது சொன்னாலே எங்கள் வீட்டில் ஒரு சிரிப்பு எழும்.

அந்தச் சிரிப்பை மாற்றிய ஒரு நாளைப் பற்றித்தான் இந்தக் கட்டுரை. செலவு, பெரியவர்களுக்குத் தலைக்கு 650 ரூபாய். குழந்தைகளுக்கு 400. பஸ், வழிகாட்டி, சாப்பாடு எல்லாம் இதற்குள் அடக்கம். கணக்கைப் பின்னால் சொல்கிறேன். அதற்கு முன் என் மாமனாரைப் பற்றிச் சொல்ல வேண்டும். அவர் இல்லாவிட்டால் இந்தப் பயணமே இல்லை.

மூன்றாம் மாடிப் பால்கனி

மாமாவுக்குத் திருநெல்வேலி மாவட்டத்தில் மூலைக்கரைப்பட்டி பக்கம் ஒரு கிராமம். வயது எழுபத்தாறு. 2022 ஜூன் மாதம் என் அத்தை காலமானார். தனியாக இருக்கவேண்டாமென்று அக்டோபரில் மாமாவைத் தில்லிக்கு அழைத்து வந்தோம். மூன்றாம் மாடி வீடு. லிப்ட் கிடையாது. பாஷை தெரியாது. குளிர் வேறு. காலையில் நாங்கள் எல்லோரும் கிளம்பிப் போனால் சாயங்காலம்வரை பால்கனியும் அவரும்தான்.

வாரத்துக்கு ஒருமுறை, "திருக்குறள் எக்ஸ்பிரஸ்ல டிக்கெட் போட்டாச்சா?" என்று கேட்பார். என் கணவர், "குளிர் போகட்டும்ப்பா" என்பார். பேச்சு அதோடு நிற்கும்.

என்னை உறுத்தியது இன்னொன்று. என் மகளுக்குப் பத்து வயது. தில்லியிலேயே பிறந்தவள். தாத்தாவிடம் அவளுக்குப் பிரியம்தான். ஆனால், "தாத்தா, சாப்பிட்டீங்களா?" என்று கேட்டுவிட்டால் அடுத்த வாக்கியம் அவளிடம் இல்லை. அவருடைய நெல்லைத் தமிழ் அவளுக்குப் பாதி புரியாது. அவளுடைய ஹிந்தி கலந்த தமிழ் அவருக்கு முக்கால்வாசி புரியாது. ஒரே சோபாவில் இருவரும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து டி.வி. பார்ப்பார்கள். பேச்சு மட்டும் இருக்காது. நம்மில் எத்தனை வீடுகளில் இந்தக் காட்சி என்று எனக்குத் தெரியும். படிக்கிற உங்களுக்கும் தெரியும்.

இந்தச் சமயத்தில்தான் எங்கள் காலனியில் நாலைந்து குடும்பங்கள் சேர்ந்து, "ஒரு ஞாயிற்றுக்கிழமை சுல்தான்பூர் போய் வரலாமா?" என்று பேச ஆரம்பித்தார்கள். உத்தரப் பிரதேசத்தில் இதே பெயரில் ஒரு மாவட்டம் உண்டு. அது வேறு. இது ஹரியானாவில், குருகிராமைத் தாண்டிப் பதினைந்து கிலோமீட்டரில் இருக்கிற பறவைகள் தேசியப் பூங்கா. தில்லியிலிருந்து ஐம்பது கிலோமீட்டருக்குள்தான். அதற்கு அப்பால் ஐந்தாறு கிலோமீட்டரில் பரூக்நகர் என்ற பழைய கோட்டை ஊர். இரண்டையும் ஒரே நாளில் பார்த்துவிடலாம்.

எங்களுக்கு வழிகாட்டியாகக் கிடைத்தவன் ஒரு கல்லூரி மாணவன். விலங்கியல் எம்.எஸ்ஸி. படிக்கிறான். சொந்த ஊர் பரூக்நகர் பக்கத்துக் கிராமம். பறவைகளைப் பற்றி அவனுக்குப் படிப்பால் தெரியும். ஊரைப் பற்றிப் பிறப்பால் தெரியும். இப்படி ஒருவன் அமைந்தது எங்கள் அதிர்ஷ்டம். அன்று கண்டதில் பாதி அவன் காட்டித்தான் கண்ணில் பட்டது.

மாமா வரமாட்டேன் என்றார். "பறவையப் பாக்க பஸ்ஸு ஏறிப் போகணுமாக்கும்! எங்க ஊர்ல வீட்டு வாசல்ல நிக்கும்." எப்படியோ சமாதானம் சொல்லி, மங்கி கேப்பும் கம்பளிச் சால்வையும் சுற்றி ஏற்றிவிட்டோம்.

நாமம் போட்ட கோழி

2023 பிப்ரவரி 12, ஞாயிற்றுக்கிழமை. காலை ஆறு மணிக்கு மலை மந்திர் வாசலில் கூடினோம். இருபத்தொரு பெரியவர்கள், ஆறு குழந்தைகள். வழக்கம்போல ஒரு குடும்பம் தாமதம். ஆறே முக்காலுக்குத்தான் பஸ் நகர்ந்தது. குருகிராமின் கண்ணாடிக் கட்டடங்கள் பனிமூட்டத்தில் பாதியாகத் தெரிந்தன. அவை முடிந்து பரூக்நகர் சாலையில் திரும்பியதும் இரண்டு பக்கமும் மஞ்சள்! கடுகு பூத்திருந்தது. கண்ணுக்கு எட்டிய மட்டும் கடுகு வயல். தாளிக்கிற கடுகைப் பொட்டலத்தில் மட்டுமே பார்த்திருந்த பிள்ளைகள் ஜன்னலை விட்டு முகத்தை எடுக்கவில்லை.

எட்டு மணிக்கு முன்பே ஏரிக்கரையில் இருந்தோம். ஏரியைச் சுற்றி நடைபாதை. ஆங்காங்கே உயரமான பார்வைக் கோபுரங்கள். நடுவில் மண் திட்டுகள், அவற்றில் நம்மூர்க் கருவேல மரங்கள். முதலில் பனியும் சத்தமும் மட்டும்தான். தண்ணீர் கண்ணில் படவில்லை. உள்ளே ஆயிரம் பேர் கல்யாணச் சமையல் செய்வதுபோல ஒரு கலகலப்பு மட்டும் காதில் விழுந்தது. வழிகாட்டிப் பையன் உதட்டில் விரல் வைத்து எல்லோரையும் நிறுத்தினான்.

பனி மெல்ல விலகியது. கரையோரம் கறுப்பாக, கோழி அளவில், நெற்றியில் வெள்ளையாகச் சில பறவைகள் நீந்தின. "கூட்," என்றான் பையன். என் மகள் நோட்டில் எழுதிக்கொண்டாள். பின்னாலிருந்து மாமாவின் குரல் வந்தது.

"அது நாமக்கோழில்லா. நெத்தியில நாமம் போட்டுருக்கு பாரு பாப்பா."

மகள் பைனாகுலரை வைத்துப் பார்த்தாள். நெற்றியில் பளிச்சென்று வெள்ளை. அவளுக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. "தாத்தா, அப்ப இது ஐயங்கார் கோழியா?" என்றாள். கோபுரத்தில் நின்ற எல்லோரும் சிரித்துவிட்டோம். பையனுக்கு விஷயத்தை ஹிந்தியில் விளக்கியபோது அவனுக்கு ஒரே குஷி. "தாவூ ஜி, இன்னும் சொல்லுங்கள்," என்று மாமாவின் பக்கத்தில் வந்து நின்றுகொண்டான். ஹரியானாவில் பெரியப்பாவைத் 'தாவூ' என்பார்கள். வயதானவர் யாராக இருந்தாலும் அவர்களுக்குத் தாவூதான்.

அதற்குப் பிறகு வழிகாட்டிகள் இரண்டு பேர் ஆனார்கள். கழுத்து மட்டும் தண்ணீருக்கு மேலே நெளிய நீந்திய பறவையைப் பையன் 'டார்ட்டர்' என்றான். மாமா, "பாம்புத்தாரா" என்றார். அந்தக் கழுத்தைப் பார்த்தவர்களுக்கு அந்தப் பெயரின் காரணத்தைச் சொல்ல வேண்டியதில்லை. மண் திட்டில் சிறகை விரித்துக் காயவைத்துக்கொண்டிருந்தது நீர்க்காகம். எங்களைக் கண்டதும் அலறிக்கொண்டு பறந்தது ஆள்காட்டி. ஆள் வருவதைக் காட்டிக்கொடுப்பதால் அந்தப் பெயர். கருவேல மரத்தில் மஞ்சள் மூக்கு நாரைகள். பையன் ஒவ்வொரு தமிழ்ப் பெயரையும் தன் குறிப்பேட்டில் ஹிந்தி எழுத்தில் எழுதிக்கொண்டான். என் மகள் தமிழில் எழுதினாள். 'தாரா'வுக்குத் துணைக்கால் எங்கே போடுவது என்று தாத்தாவையே கேட்டாள்.

கூந்தன்குளத்து வாத்து

ஒன்பது மணி சுமாருக்கு வெயில் வந்தது. எதிர்க்கரைப் புல்தரையில் பெரிய கூட்டமாக வாத்துகள் மேய்ந்துகொண்டிருந்தன. சாம்பல் உடம்பு, வெள்ளைத் தலை, தலையின் பின்பக்கத்தில் கறுப்பாக இரண்டு பட்டை. "பார்-ஹெடட் கூஸ்," என்று பையன் ஆரம்பித்தான். மாமா பைனாகுலரை வாங்கிக் கண்ணில் வைத்தார். இறக்கினார். மறுபடியும் வைத்தார்.

"ஏ, இது நம்ம கூந்தங்குளத்து வாத்துல்லா! இது எப்படி இங்கன வந்துது?"

கூந்தன்குளம் மாமாவின் கிராமத்துக்கு அருகில்தான் இருக்கிறது. நாங்குநேரி வட்டாரத்தில் பறவைகளுக்குப் பேர்போன ஊர். வீட்டு மரங்களிலேயே நாரைகள் கூடு கட்டும். பறவை வந்தால் ஊருக்கு நல்லது என்பது அங்கே நம்பிக்கை. பறவைகள் மிரளக்கூடாதென்று தீபாவளிக்குக்கூட வெடி வெடிக்காத ஊர் அது. 1994இல் அது சரணாலயம் ஆயிற்று. இந்தப் பட்டைத்தலை வாத்துகள் குளிர்காலத்தில் அங்கே வந்து தங்குவதைச் சிறுவயது முதல் பார்த்தவர் மாமா.

பையன் தரையில் குச்சியால் படம் போட்டு விளக்கினான். இந்த வாத்துகள் திபெத், மங்கோலியா பக்கத்து ஏரிகளில் கோடையில் குஞ்சு பொரிப்பவை. குளிர் தொடங்கியதும் இமயமலையைத் தாண்டித் தெற்கே வருகின்றன. உடம்பில் சிறு கருவி பொருத்தி ஆராய்ந்தவர்கள், ஏழாயிரம் மீட்டருக்கும் அதிகமான உயரத்தில் இவை பறந்ததைப் பதிவு செய்திருக்கிறார்கள். அவற்றில் சில சுல்தான்பூர் போன்ற வட இந்திய ஏரிகளிலேயே தங்கிவிடுகின்றன. சில தெற்கே கூந்தன்குளம்வரை போகின்றன. மார்ச் வாக்கில் எல்லாம் வடக்கே திரும்பிவிடும்.

நாரையைத் தன் மனைவிக்குத் தூதுவிட்ட சத்திமுத்தப் புலவரின் கதையை நாம் பள்ளியில் படித்திருக்கிறோம். வடக்கும் தெற்கும் போய்வரும் பறவையை நம்மவர்கள் அன்றைக்கே கவனித்திருக்கிறார்கள். பாடமாகப் படித்ததை ஒரு வாத்து எனக்கு நேரில் காட்டிற்று.

"அப்ப இதுக்கு எது ஊரு?" என்று மாமா கேட்டார். நான் மொழிபெயர்த்தேன். பையன் கொஞ்சம் யோசித்தான். "குஞ்சு பொரிக்கிற இடம் அங்கே, தாவூ. ஆனால் வருஷத்தில் பாதி நாள் சாப்பிடுவது இங்கே," என்றான். மாமா தலையாட்டினார். எனக்கும் என் கணவருக்கும் அந்தப் பதில் வேறு மாதிரி காதில் விழுந்தது. ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டோம்.

ஒரு கடிதத்தால் பிழைத்த ஏரி

இந்த ஏரி தப்பியதற்குப் பின்னால் ஒரு கடிதம் இருக்கிறது. பீட்டர் ஜாக்சன் என்பவர் ராய்ட்டர்ஸ் செய்தி நிறுவனத்துக்காகத் தில்லியில் இருந்த பத்திரிகையாளர். பறவைப் பித்தர். இந்தத் தாழ்வான நிலத்தில் மழைநீர் தேங்கிப் பறவைகள் கூடுவதைப் பார்த்து, இதைக் காப்பாற்ற வேண்டுமென்று 1970இல் பிரதமர் இந்திரா காந்திக்கு எழுதினார். இந்திரா காந்திக்கும் பறவைகளில் ஆர்வம் உண்டு. ஹரியானா அரசு 1971இல் இதைச் சரணாலயமாக அறிவித்தது. 1991இல் தேசியப் பூங்கா ஆயிற்று. 2021இல் ராம்சார் பட்டியலில், அதாவது உலக முக்கியத்துவம் வாய்ந்த சதுப்புநிலங்களின் பட்டியலில் சேர்ந்தது. நம் கூந்தன்குளமும் வேடந்தாங்கலும் அதே பட்டியலில் சேர்ந்த செய்தி அடுத்த ஆண்டு, 2022இல் வந்தது. பரப்பு என்று பார்த்தால் சுல்தான்பூர் சுமார் 143 ஹெக்டேர்தான். மழை போதாத காலத்தில் கால்வாய்த் தண்ணீரும் ஆழ்துளைக் கிணற்றுத் தண்ணீரும் விட்டு நிரப்புகிறார்கள். மனிதன் கைவிட்டால் வற்றிவிடும் ஏரி.

வேடந்தாங்கலின் கதை வேறு. அங்கே முன்கை எடுத்தவர்கள் கிராமத்தார். பறவைகளைச் சுடக்கூடாதென்று செங்கல்பட்டுக் கலெக்டர் லயனல் பிளேஸிடம் முறையிட்டு 1798இலேயே உத்தரவு வாங்கினார்கள். பறவை எச்சம் கலந்த ஏரித் தண்ணீர் வயலுக்கு உரம் என்பது அவர்களுக்குத் தெரிந்திருந்தது. பையனிடம் இதைச் சொன்னபோது, "இருநூறு வருஷத்துக்கு முன்பேயா!" என்று வாய்பிளந்தான். வழிகாட்டிக்கு நாமும் இரண்டு விஷயம் சொல்ல முடிந்தால் பயணத்தில் அது ஒரு தனி ருசி.

உப்பு ரயில்

பஸ்ஸில் பரூக்நகர் போகும் வழியில் பையன் இன்னொரு கதை சொன்னான். சுல்தான்பூர் வட்டாரத்தில் நிலத்தடி நீர் உப்புக் கரிக்கும். அந்தக் காலத்தில் கிணற்று நீரை இறைத்து, பாத்திகளில் பாய்ச்சி, வெயிலில் காயவைத்து உப்பு எடுத்தார்கள். 'சுல்தான்புரி உப்பு' என்று அதற்குப் பெயர்.

"கடல் இல்லாம உப்பா?" என்று பிள்ளைகள் கேட்டார்கள். மாமா பதில் சொன்னார். "தூத்துக்குடியிலயும் கிணத்துத் தண்ணிய எறைச்சுத்தான் உப்பு வெளைக்காங்க. உப்பளத்துப் பக்கம் கிணறு பாத்திருக்கேன்."

அந்த உப்புக்காகவே ரயில் வந்தது. 1873 பிப்ரவரியில் தில்லியிலிருந்து ரேவாரிக்கு மீட்டர் கேஜ் பாதை திறந்தபோது, கடி ஹர்ஸரு என்ற இடத்திலிருந்து பரூக்நகருக்கும் ஒரு கிளை போட்டார்கள். இந்தியாவின் முதல் மீட்டர் கேஜ் பாதை அதுதான். நாங்கள் போன அந்த மாதம் அதற்கு 150 வயது நிறைந்தது. ஆனால் உப்பை ஏற்றிப் போக வந்த ரயில் உப்புத் தொழிலை நெடுநாள் வாழவைக்கவில்லை. ராஜஸ்தானின் சாம்பர் ஏரி உப்பு மலிவாக வந்து இறங்கியது. வெள்ளைக்காரன் வரி வேறு. இருபதாம் நூற்றாண்டின் முதல் கால் பகுதியோடு பாத்திகள் கைவிடப்பட்டன. 1930இல் ராஜாஜி தலைமையில் வேதாரண்யத்துக்கு நடந்தவர்களின் ஆத்திரம், கடலையே காணாத இந்தக் கிராமத்தாருக்கும் புரிந்திருக்கும்.

பரூக்நகர் 1732இல் உருவான ஊர். ஃபௌஜ்தார் கான் என்ற தலைவர் நிறுவி, முகலாயச் சக்கரவர்த்தி பரூக்சியாரின் பெயரை வைத்தார். இந்தப் பரூக்சியாருக்கும் நம் சென்னைக்கும் ஒரு சம்பந்தம் உண்டு. 1717இல் அவர் கிழக்கிந்தியக் கம்பெனிக்குத் தந்த பர்மானால்தான் திருவொற்றியூர், நுங்கம்பாக்கம் முதலிய கிராமங்கள் கம்பெனியின் கையில் உறுதியாயின. நுங்கம்பாக்கத்தில் பிறந்த எங்கள் காலனி மாமி ஒருவர், "அப்போ என் வீட்டைக் கொடுத்தது இவர்தானா!" என்று கேட்டு ஊரையே சிரிக்கவைத்தார்.

தில்லி தர்வாஜா என்கிற வாசல் வழியாக உள்ளே நுழைந்தோம். நவாபின் ஷீஷ் மஹாலைப் பார்த்தோம். 'ஷீஷ்' என்றால் கண்ணாடி. அந்த வேலைப்பாட்டால் வந்த பெயர். இங்கே கடைசியாக ஆண்ட நவாப் அகமது அலி கான் 1857 கிளர்ச்சியில் சேர்ந்தார். 1858 ஜனவரியில் தில்லி சாந்தினி சௌக்கில் அவரைத் தூக்கில் போட்டார்கள். ஜிலேபி தின்னப் போகிற சாந்தினி சௌக்கில் இப்படி ஒன்று நடந்திருக்கிறது என்று எங்கள் பிள்ளைகளுக்கு அன்றுதான் தெரிந்தது.

எனக்கு மிகவும் பிடித்தது கௌஸ் அலி ஷா பாவ்லி. பாவ்லி என்றால் படிக்கட்டுக் கிணறு. எட்டுப் பட்டையாகக் கட்டி, சுற்றிலும் வளைவுகள் வைத்த தாழ்வாரம். படியிறங்க இறங்க வெளிச் சத்தம் குறைந்து குளிர்ச்சி ஏறுகிறது. திருவெள்ளறை ஸ்வஸ்திகக் கிணற்றைப் பார்த்தவர்களுக்கு அதன் நினைவு வரும். தண்ணீரைத் தேடிப் படியிறங்கிப் போவது இரண்டு பக்கத்து மக்களுக்கும் பொதுவாக இருந்திருக்கிறது.

கம்பஞ்சோறு

மத்தியானச் சாப்பாடு பையனின் சித்தப்பா வீட்டில். ஆளுக்கு 150 ரூபாய் என்று முன்பே பேசியிருந்தோம். முற்றத்தில் கயிற்றுக் கட்டில்கள், ஓர் ஓரத்தில் எருமை, இன்னோர் ஓரத்தில் ஹுக்கா. கம்பு ரொட்டி, மேலே ஒரு கட்டி வெண்ணெய், கடுகுக் கீரை மசியல், வெல்லம், மோர். கடைசியில் ஒரு பெரிய பாத்திரத்தில் கம்பு கிச்சடி வந்தது.

பெரும்பாலோர் கிச்சடியைத் தயங்கித் தயங்கித் தொட்டோம். மாமா ஒரு வாய் எடுத்து வைத்தார்.

"கம்பஞ்சோறுல்லா இது!"

மோரை வாங்கி அதில் ஊற்றிப் பிசைந்தார். பிறகு என்னைப் பார்த்து, "ஒங்க அத்தையும் இப்படித்தான் மோர் ஊத்துவா. கூட ஒரு சின்ன வெங்காயம் வைப்பா," என்றார்.

அத்தை போய் எட்டு மாதம் ஆகியிருந்தது. அந்த எட்டு மாதத்தில் அவர் அத்தையைப் பற்றித் தானாகப் பேசியது அதுதான் முதல் தடவை. வீட்டுக்காரப் பெண்மணிக்கு வார்த்தை புரியவில்லை. ஆனாலும் என்ன புரிந்ததோ, உள்ளே போய் ஒரு வெங்காயத்தை நறுக்கித் தட்டில் கொண்டுவந்து வைத்தாள். நான் எழுந்துபோய்க் கை கழுவிக்கொண்டு வந்தேன்.

கணக்கு வழக்கு

சொன்னபடி கணக்கைச் சொல்லிவிடுகிறேன். வசூல், பெரியவர்கள் 21 பேருக்கு ரூ. 13,650, குழந்தைகள் 6 பேருக்கு ரூ. 2,400, ஆக ரூ. 16,050. செலவு, பஸ் வாடகை ரூ. 8,500, வழிகாட்டிக்கு ரூ. 2,500, சாப்பாடு ரூ. 4,050, நுழைவுச் சீட்டு, பைனாகுலர் வாடகை, பார்க்கிங், டீ எல்லாம் சேர்த்து ரூ. 870. மொத்தம் ரூ. 15,920. மீதி ரூ. 130. அதற்குத் திரும்பும் வழியில் கொய்யாப்பழம் வாங்கிக் குழந்தைகளுக்குக் கொடுத்தோம். காலை டிபனாக இட்லி, மிளகாய்ப்பொடி, புளியோதரை எல்லாம் அவரவர் வீட்டிலிருந்து வந்தவை.

இது 2023ஆம் வருஷத்து விலைவாசி. இன்று கொஞ்சம் கூடும். போக நினைப்பவர்களுக்குச் சில யோசனைகள்:

நவம்பர் முதல் பிப்ரவரிக்குள் போங்கள். செவ்வாய்க்கிழமை பூங்காவுக்கு விடுமுறை. கோடை, மழைக் காலங்களில் மூடியிருக்கவும் கூடும். முதலில் விசாரித்துக்கொள்வது நல்லது. எட்டு மணிக்குள் ஏரிக்கரையில் இருக்க வேண்டும். வெயில் ஏறினால் பறவைகள் எட்டப் போய்விடும். பளிச்சென்ற சிவப்பு, மஞ்சள் உடைகள் வேண்டாம். பட்டுப்புடவையும் வேண்டாம்! உள்ளே நடை அதிகம். வயதானவர்கள் ஒரு கோபுரத்தருகே உட்கார்ந்து பார்த்தாலே போதும், முழுச் சுற்று சுற்ற வேண்டியதில்லை. பாவ்லியின் படிகளில் குழந்தைகளின் கையை விடாதீர்கள்.

முக்கியமாக, உள்ளூர்க்காரர் ஒருவரை வழிகாட்டியாக வைத்துக்கொள்ளுங்கள். எங்கள் பங்கில் அது தலைக்கு நூறு ரூபாய்கூட ஆகவில்லை. அந்தச் செலவை மிச்சம் பிடித்திருந்தால் ஏரியில் 'ஏதோ வாத்து', பரூக்நகரில் 'ஏதோ பழைய கட்டடம்' என்று பார்த்துவிட்டு வந்திருப்போம். கம்பஞ்சோறும் கிடைத்திருக்காது.

போன் வந்தது

இந்தப் பயணத்தால் மாமாவின் மனம் மாறித் தில்லியிலேயே தங்கிவிட்டார் என்று எழுதினால் கதை நன்றாக இருக்கும். அப்படி நடக்கவில்லை. மார்ச் மாதக் கடைசியில் திருக்குறள் எக்ஸ்பிரஸில் ஊருக்குப் புறப்பட்டுவிட்டார். "வாத்தெல்லாம் கெளம்பிருக்கும். நானும் போறேன்," என்றார். அவருடைய வயலும் வேப்பமரமும் அங்கே இருக்கின்றன. நாங்கள் தடுக்கவில்லை.

ஆனால் அந்த ஒன்றரை மாதம் வீடு வேறு மாதிரி இருந்தது. மகள் பள்ளியிலிருந்து வந்ததும் நோட்டை எடுத்துக்கொண்டு பால்கனிக்குப் போவாள். எதிர் மரத்தில் உட்காருகிற ஒவ்வொன்றுக்கும் தமிழில் பெயர் கேட்பாள். மைனாவை அவர் நாகணவாய் என்று சொல்லிக்கொடுத்தார். அந்த வார்த்தை எனக்கே அன்றுதான் தெரியும்.

அந்த வருஷக் கடைசியில் ஒருநாள் காலையில் போன் வந்தது. வழக்கமாக என் கணவரைக் கேட்பவர், "பாப்பாட்ட குடு," என்றார். மகள் ஸ்பீக்கரில் போட்டாள்.

"பாப்பா, கூந்தங்குளத்துக்கு வாத்து வந்துட்டு. அங்கன வந்துட்டா?"

"தெரியலையே தாத்தா. ஞாயித்துக்கிழமை போய்ப் பாத்துட்டுச் சொல்றேன்."

போய்ப் பார்த்தோம். வந்திருந்தன. ஏரிக்கரையிலிருந்தே போன் போட்டு எத்தனை என்று எண்ணிச் சொன்னாள். அன்று இருவரும் பேசி முடிக்க இருபது நிமிஷம் ஆயிற்று. 'சாப்பிட்டீங்களா' என்று கேட்க அவள் மறந்தே போனாள்.

இந்தக் குளிர்காலத்தில் நீங்களும் ஒரு ஞாயிற்றுக்கிழமை போய் வாருங்கள். வீட்டில் ஊரிலிருந்து வந்த பெரியவர் யாராவது பால்கனியில் உட்கார்ந்திருந்தால், அவர் வரமாட்டேன் என்றாலும் விடாதீர்கள். சால்வையைச் சுற்றி முதல் ஸீட்டில் உட்காரவையுங்கள்.